வெள்ளித் திருவாசி

திரை விலகப் போகிறது என்று மணி ஒலிக்கும் அந்தக் கணத்தில் நெஞ்சு எப்படிப் படபடக்குமோ, அப்படித்தான் அன்று படபடத்தது எனக்கு. ஆனி மாதத்து விடியற்காலை. வால்பாறை மலையில், புதுத்தோட்டத்துச் சோலையின் விளிம்பில், முழங்கால் வரை நனைந்த புடைவையும் கணுக்காலில் அட்டை கடித்த குருதித் துளியுமாக நின்றுகொண்டிருந்தேன். மலை முழுவதற்கும் யாரோ வெண்பட்டுத் திரை போட்டிருந்தார்கள். திரைக்கு அப்பால் இலைகள் சொட்டிக்கொண்டிருந்தன. ஓடையொன்று தனக்குள்ளே நாமம் ஜபித்துக்கொண்டு இறங்கியது. வேறு ஓசையில்லை. திடீரென்று மூடுபனியின் ஆழத்திலிருந்து, சங்கை அடக்கி ஊதினாற்போல் ஒரு கூவல்! மலைச்சரிவெங்கும் உருண்டு, பள்ளத்தாக்கில் விழுந்து, எதிர்மலையில் ஏறிப் போயிற்று அது. குரங்குக் கூட்டத்தின் தலைவனாகிய கடுவன், தன் கூட்டம் இருக்கும் இடத்தை அயற்கூட்டத்துக்கு அறிவிக்கும் குரலாம். எனக்கோ அது திருப்பள்ளியெழுச்சியாகவே கேட்டது.

"அசையாம நில்லுங்கம்மா. வந்துட்டாங்க" என்றான் உடன் வந்த தம்பி. தோட்டத்து லயத்தில் பிறந்து வளர்ந்தவன். இந்தக் குரங்குகள் சாலையைக் கடக்கும்போது வண்டிகளை நிறுத்திக் காவல் நிற்பது அவன் வேலை. வந்துட்டாங்க! வந்துவிட்டது என்று சொல்ல அவனுக்கு நா எழவில்லை. அந்த ஒரு விகுதியில் என் கண் நனைந்துவிட்டது.

பனி ஒரு முழம் விலகிற்று.

ஆஹா! என்னவென்று சொல்வேன்! பாசி படர்ந்த வெடிப்பலாக் கிளையில், ஒரு காலை மடித்து ஒரு காலைத் தொங்கவிட்டு, சுகாசனத்தில் எழுந்தருளியிருந்தது அந்தத் திவ்விய மங்கள ரூபம். காரிருளைக் குழைத்து வார்த்தாற்போன்ற திருமேனி. அந்தக் கருமையின் நடுவே மயிரற்ற கரிய திருமுகம். அந்த முகத்தை, நெற்றியோரம் தொடங்கிக் கன்னங்களில் வழிந்து மோவாயின் கீழே கூடும் வரை, வட்டமாய்ச் சூழ்ந்து நின்ற வெண்சாம்பல் பிடரி! அதன் ஒவ்வொரு இழை நுனியிலும் ஒரு பனித்துளி. ஒவ்வொரு பனித்துளியிலும் ஒரு விடியல். தைலக்காப்பு சாத்திய கருங்கல் மூலவரைப் பார்த்திருக்கிறேன். அவரைச் சூழ்ந்து சுடர்விடும் வெள்ளித் திருவாசியைப் பார்த்திருக்கிறேன். இரண்டையும் உயிரும் உதிரமுமாகப் பார்த்தது அன்றுதான். மூச்சு விடுகிற மூலவர்! இமைக்கிற மூலவர்! கிளைக்குக் கீழே தொங்கிய வாலின் நுனியில் ஒரு சிறு மயிர்க்குஞ்சம், காற்றில் மெல்ல அசைந்து, தனக்குத் தானே சாமரம் வீசிக்கொண்டிருந்தது.

சிங்கவால் குரங்கு என்ற பெயர் அந்தக் குஞ்சத்தால் வந்தது. பிடரியால் வந்ததென்றே பலர் எண்ணுகிறார்கள். நானும் வெகுநாள் அப்படித்தான் எண்ணியிருந்தேன். சோலைமந்தி என்றும் நம்மவர் சொல்வதுண்டு. கன்னடத்தில் சிங்களீகம். ஸ்வீடன் தேசத்து லின்னேயஸ் 1758இல் உலகத்து உயிர்களுக்கெல்லாம் பெயர் சூட்டியபோது, பழைய கிரேக்கக் கதைகளில் வரும் வனதேவதையாகிய சிலேனஸின் பெயரை இதற்கு இட்டார். கடல்களுக்கு அப்பால் இருந்த அவருக்கும் இது ஒரு வெறும் விலங்காகத் தோன்றவில்லை போலும்! ஆண் 5 முதல் 10 கிலோ, பெண் 3 முதல் 6 கிலோ, உடல் நீளம் 40 முதல் 60 சென்டிமீட்டர் என்று நூல்கள் அளந்து சொல்கின்றன. அவ்வளவு சிறிய திருமேனிதான். அந்தச் சிறுமைக்குள் அந்த மலை முழுவதும் அடங்கி நின்றதை எந்தக் கோலால் அளப்பேன்!

அது என்னைப் பார்த்தது. பழுப்பேறிய தெளிந்த கண்கள். கோபமில்லை, கோரிக்கையில்லை, குசலம்கூட இல்லை. பார்த்துவிட்டு, கையிலிருந்த முள்காயை மீண்டும் கடிக்கத் தொடங்கியது. அவ்வளவுதான். அந்தப் பார்வையின் முன் என் ஐம்பத்திரண்டு வயதும், என் பெயரும், என் ஊரும், நான் சுமந்து வந்த கவலைகளின் மூட்டையும் அந்தத் தேயிலைப் பாத்தியிலேயே அவிழ்ந்து விழுந்தன. கும்பிடக் கை எழுந்தது. அசையக் கூடாதே என்று அடக்கினேன். அடக்கிய கை இரண்டும் மார்பிலேயே நடுங்கின.

எனக்குக் குரங்கென்றால் முதலில் அழகர்மலை. ஏழு வயதில் அப்பத்தாவின் விரலைப் பிடித்துக்கொண்டு நூபுர கங்கைக்கு நடந்து ஏறிய நாட்கள். வழியெல்லாம் நாட்டுக் குரங்குகள். உச்சந்தலையிலிருந்து வட்டமாய்ச் சுழித்து விரியும் மயிர், யாரோ வகிடெடுத்துத் தொப்பி வைத்துவிட்டாற்போல் இருக்கும். உடலைக் காட்டிலும் நீண்ட வால். கன்னத்தின் உள்ளே ஒரு பை இருக்கிறது அவற்றுக்கு. கிடைத்ததையெல்லாம் அவசரமாய் அதில் திணித்துக்கொண்டு, பிறகு ஒதுங்கிய கிளையில் அமர்ந்து, புறங்கையால் கன்னத்தை அழுத்தி, ஒவ்வொன்றாய் வாய்க்குக் கொண்டுவந்து மென்று சுவைக்கும். "திருநாமத்தையும் இப்பிடித்தான் தாயி அடக்கி வச்சுக்கணும். கூட்டத்துல கேட்டுக்க, தனியா இருக்கையில மென்னுக்க" என்பாள் அப்பத்தா. எழுதப் படிக்கத் தெரியாதவள். மண்டபத்து உபன்யாசங்களில் கேட்டதையெல்லாம் தன் கன்னத்தில் அடக்கி வைத்திருந்தவள்.

ஒருநாள் ஒரு மந்தி வயிற்றோடு ஒட்டிய குட்டியுடன் எங்களுக்கு முன்னே படியேறிற்று. அப்பத்தா நின்றுவிட்டாள். வைணவப் பெரியோர் சரணாகதியை இரண்டு குட்டிகளைக் காட்டி விளக்குவார்களே, அதை அன்றுதான் முதன்முதலாய்க் கேட்டேன். குரங்குக்குட்டி தாயைத் தானே இறுகப் பற்றிக்கொள்கிறது. அதுபோல் ஜீவன் பகவானைப் பற்ற வேண்டும் என்பது மர்க்கட நியாயம், வடகலையார் கொள்கை. பூனைக்குட்டி ஒன்றும் செய்வதில்லை. தாய்தான் கவ்விச் செல்கிறது. அதுபோல் அவனே சுமப்பான் என்பது மார்ஜார நியாயம், தென்கலையார் கொள்கை. அப்பத்தா இந்தச் சொற்களைச் சொல்லவில்லை. "தாயைப் பிடிச்சுக்கிற குட்டி ஒண்ணு. தாய் தூக்கிட்டுப் போற குட்டி ஒண்ணு. நீ எந்தக் குட்டி தாயி?" என்று மட்டும் கேட்டாள்.

ஏழு வயதில் எனக்கு விடை தெரியவில்லை. நாற்பத்தைந்து ஆண்டுகள் அந்தக் கேள்வி என் கன்னத்திலேயே கிடந்தது.

எத்தனை வடிவம் எடுத்திருக்கிறான் அவன் இந்த ஒரே குலத்துக்குள்! மக்காக்கா என்று அறிவியலார் அழைக்கும் இந்தக் குரங்குக் குலத்தில் இருபதுக்கும் மேற்பட்ட இனங்கள். ஒன்றைத் தவிர எல்லாம் ஆசியாவில். எல்லாவற்றுக்கும் கன்னப்பை கொடுத்தான். பாறையிலும் கிளையிலும் நெடுநேரம் அமர, பிட்டத்தில் தடித்த தோலால் பிறவியிலேயே ஓர் ஆசனம் கொடுத்தான். வாலில் மட்டும் அவன் ஆடியிருக்கும் லீலையைப் பாருங்கள்! அழகர்மலைக் குரங்குக்கு ஆளை மிஞ்சிய வால். சோலைமந்திக்குக் குஞ்சம் கட்டிய வால். காசியிலும் அயோத்தியிலும் விருந்தாவனத்திலும் மதில்மேல் வலம்வரும் செம்முகக் குரங்குக்குக் குறுகிய வால். மொராக்கோ, அல்ஜீரியா நாட்டு மலைகளில் தேவதாருக்களுக்கிடையே வாழும் ஆப்பிரிக்க இனத்துக்கு வாலே இல்லை. அங்கே ஆண் குரங்குகளும் கைக்குழந்தைகளைச் சுமந்து திரிகின்றன! சேதுவின் இக்கரையில் நம் தொப்பித்தலைக் குரங்கு. அக்கரையில், இலங்கையன்றி வேறெங்கும் இல்லாத அதன் உடன்பிறப்பு, அதே சுழித்த முடியோடு, செந்நிறம் கலந்து. நடுவே கடல் புகுந்து பிரித்த இரு சகோதரிகள்!

ஜப்பானில், ஜிகோகுதானி என்ற பனிப் பள்ளத்தாக்கில், தலையில் பனி விழ விழ, கழுத்தளவு வெந்நீர்ச் சுனையில் அமிழ்ந்து கண்மூடி இருக்கின்றன சிவந்த முகத்துக் குரங்குகள். அந்தப் பெயருக்கு நரகப் பள்ளத்தாக்கு என்று பொருள். நரகம் என்று பெயரிட்ட இடத்திலும் நிஷ்டை! மனிதனை விட்டால், குரங்கு மரபில் வடகோடி வரை சென்று குடியேறியவை அவையே. அதே நாட்டில், கோஷிமா என்னும் தீவில், 1953இல் ஒரு சின்னப் பெண் குரங்கு, மண் ஒட்டிய சர்க்கரைவள்ளிக் கிழங்கை நீரில் கழுவித் தின்னத் தொடங்கிற்று. பிறகு அதன் தோழர்கள், பிறகு அதன் தாய், பிறகு கூட்டமே கழுவத் தொடங்கிற்று. ஒரு குழந்தையிடமிருந்து தாய் கற்றுக்கொண்ட ஆசாரம்! இந்தோனேசியாவின் சுலாவெசி என்ற ஒரே தீவில் ஏழு இனங்கள். அருணாசலப் பிரதேசத்தின் தவாங் மலைகளில் வாழும் ஒன்றை 2005இல்தான் வெளியுலகம் புதிய இனமென்று அறிந்து எழுதியது. மோன்பா மக்கள் அதைக் காலங்காலமாக ஆழ்வனத்துக் குரங்கு என்ற பொருளில் முன்ஸாலா என்று அழைத்துவந்தார்கள். ஒளிந்திருக்கிறான்! இன்னும் எத்தனை சோலைகளில் எத்தனை முகங்களோடு ஒளிந்திருக்கிறானோ!

மீண்டும் புதுத்தோட்டத்துக்கு வருகிறேன். மனம் அங்கேதான் நிற்கிறது.

தலைவனுக்குப் பின்னால் ஒவ்வொருவராய் வந்தார்கள். ஒருவரையொருவர் மெல்லிய குரலில் விளித்துக்கொண்டு, கிளைவிட்டுக் கிளை தொட்டு, ஊர்வலம்போல். வெடிப்பலா மரத்தை நீங்கள் பார்க்க வேண்டும்! பூக்கள் இலைகளின் நடுவே பூப்பதில்லை. முதிர்ந்த கிளையின் மேனியிலேயே கொத்துக் கொத்தாய் அரும்புகின்றன. காய்கள் பந்துபோல் திரண்டு, உடம்பெல்லாம் முள். மேற்குத்தொடர்ச்சி மலையின் மழைக்காட்டில் சோலைமந்தியின் அன்னபூரணி இந்த மரமே. பூவின் தேனும் விதையும் கொடுத்து, பலாவும் ஆலும் அத்தியும் இல்லாத மாதங்களிலும் அதைக் காப்பாற்றும். அந்த முள்ளையெல்லாம் அஞ்சாமல் பிரித்து உள்விதை எடுக்கும் அந்தக் கரிய விரல்களின் நிதானம்! நகமும் ரேகையும் உள்ள விரல்கள். மெய்யாகவே ஓர் அர்ச்சகரின் விரல்கள்.

அப்போதுதான் அவள் வந்தாள்.

இளம் தாய். மார்போடு ஒட்டிய பிள்ளை. பிறந்து சில வாரங்களே இருக்கும். திருவாசி இன்னும் முளைக்கவில்லை அதற்கு; பிடரி வளர வளரத்தான் வரும். ரோஜா வெளிறினாற்போன்ற பச்சை முகம், அதில் அளவுக்கு மீறிப் பெரிய கண்கள், பக்கத்துக்கொன்றாய் விரிந்த மெல்லிய காதுகள். அவற்றின் விளிம்பினூடே விடியலின் வெளிச்சம் செந்நிறமாய்க் கசிந்தது. அவ்வளவு அருகில் இருந்தார்கள்! தாய் அமர்ந்திருந்த கிளைக்கும் அடுத்த மரத்துக்கும் நடுவே வெட்டவெளி. கீழே தார்ச்சாலை. அவள் குனிந்து பிள்ளையைப் பார்த்தாள். பிறகு, பிள்ளையை அணைத்திருந்த கையை எடுத்தாள்.

என் மூச்சு நின்றது.

பாய்ந்தாள்!

அந்தப் பாய்ச்சலில் அவளுடைய நான்கு அங்கங்களும் அவளுக்கே வேண்டியிருந்தன. பிள்ளையைப் பிடிக்க அவளுக்குக் கையில்லை. வானத்துக்கும் தாருக்கும் நடுவே, அந்த அரை நொடியில், அந்தப் பச்சைச் சிசுவைத் தாங்கியிருந்தது அதன் சொந்தப் பிடி ஒன்றே. நான்கு சிறு கைகால்களும் தாயின் கரிய ரோமத்தில் புதைந்து, முகம் முழுவதும் மார்பில் அழுந்தி, இறுகிக் கிடந்தது அது. இறங்கிய கிளை வளைந்து நிமிர்ந்தது. பனித்துளிகள் மழையாய் உதிர்ந்தன. கிளை அடங்கும் முன்பே அவள் செய்த முதல் காரியம்: வலக்கையைக் கொண்டுவந்து பிள்ளையின் முதுகில் வைத்தாள். வைத்து, அழுத்தினாள்.

அப்பத்தா! என் அப்பத்தா! உன் கேள்விக்கு விடை அங்கே, அந்தக் கிளையில் இருந்தது!

பாயும்போது பிள்ளையின் பிடி. அமரும்போது தாயின் கை. இரண்டு கொள்கைகளும் ஒரே மார்பில் மூச்சு விட்டுக்கொண்டிருந்தன. இன்னும் உற்றுப் பார்க்கப் பார்க்க என் நெஞ்சு உருகிப் போயிற்று: பற்றுகின்ற அந்தக் கை யார் கொடுத்தது? பிறந்த நாழிகையிலேயே பற்றத் தெரிந்த அந்த விரல்களை, ஆறு மாதத்துக்குச் சற்றுக் குறைந்த காலம் தன் கர்ப்பத்தில் வைத்து நெய்தவள் அவளல்லவா? பற்றிக்கொள்ள வாகாய் ரோமம் வளர்த்து வைத்திருப்பவளும் அவளல்லவா? நான் பற்றினேன் நான் பற்றினேன் என்று இத்தனை காலம் எண்ணியிருந்தேனே! ஏகாதசிகளை எண்ணி வைத்தேனே! பாராயணங்களைக் கணக்கிட்டேனே! என் பிடியே உன் பிரசாதம் அல்லவா, பெருமானே! கையை நீ எடுத்துக்கொண்ட காலங்களில், என் கணவரை இழந்த அந்தக் கார்த்திகையில், கைவிட்டாயே என்று கதறினேனே. நீ பாய்ந்துகொண்டிருந்தாய்! என்னையும் மார்பில் சுமந்துகொண்டு பாய்ந்துகொண்டிருந்தாய்! இறங்கிய கிளையில் உன் கை என் முதுகில் வந்து அழுந்தியதை நான் அன்று உணரவில்லையே!

அழுதேன். அந்தத் தம்பி முகத்தைத் திருப்பிக்கொண்டு நின்றான்.

எவ்வளவு நேரமோ. பனி முழுதும் விலகியிருந்தது. நான் என்று சொல்லிக்கொள்ள அங்கே பெரிதாக எதுவும் மிச்சமில்லை. ஈரம் மட்டும் இருந்தது, இலைகளில் இருந்த அதே ஈரம்.

குரங்கின் குட்டிக்குப் பிள்ளை என்று பெயர் சொல்லலாமா என்று யாரும் கேட்க வேண்டாம். தொல்காப்பியரே சொல்லலாம் என்றிருக்கிறார். இளமைப் பெயர்களை வகுக்கும் மரபியலில், கிளையில் வாழும் குரங்கின் இளையதைக் குட்டி என்பதோடு, மகவு, பிள்ளை, பறழ், பார்ப்பு என்றும் சொல்ல இடம் கொடுத்தார். ஆணுக்குக் கடுவன், பெண்ணுக்கு மந்தி. நம் முன்னோர் காட்டைக் கண்ணால் பார்த்து, கருணையால் பெயர் வைத்தவர்கள். குறுந்தொகையின் 69ஆம் பாடலில் கடுந்தோட் கரவீரனார் காட்டும் மந்தி, துணையை இழந்த துயரில், மரமேறும் தொழிலை இன்னும் கல்லாத தன் குட்டியைச் சுற்றத்தாரிடம் ஒப்படைத்துவிட்டு மலைச்சரிவில் பாய்ந்து உயிர்விடுகிறாள். ஈராயிரம் ஆண்டுப் பழமையுடைய அந்தக் கண்ணீரில் விலங்கு வேறு மனிதர் வேறு என்ற கோடு எங்கே இருக்கிறது?

முசுகுந்தச் சக்கரவர்த்தியின் கதையும் அன்று நெஞ்சில் வந்து நின்றது. கயிலையில் ஒரு சிவராத்திரி இரவு. வில்வமரத்தின் மேல் ஒரு குரங்கு. தூக்கமில்லாமல் அது இலைகளைப் பறித்துப் பறித்துக் கீழே போட்டுக்கொண்டேயிருக்க, கீழே அமர்ந்திருந்த அம்மையப்பன்மேல் அவையெல்லாம் அர்ச்சனையாய் விழுந்தன. அறியாமல் உதிர்த்த இலைக்கு அரசாட்சி கொடுத்தான் ஈசன். வந்த வழி மறவாதிருக்க, குரங்கு முகமே இருக்கட்டும் என்று வேண்டிப் பெற்றான் முசுகுந்தன். திருவாரூர்த் தியாகேசனை நமக்குக் கொண்டுவந்து கொடுத்த முகம் அது!

அதே அர்ச்சனை இன்றும் நடக்கிறது, ஐயா! கன்னப்பையில் பழங்களை அடக்கிக்கொண்டு இந்தச் சோலைமந்திகள் மரத்துக்கு மரம் போகின்றன. சதையைச் சுவைத்துவிட்டு விதையை வேறிடத்தில் உமிழ்ந்துவிடுகின்றன. தாம் நடுகிறோம் என்று அவற்றுக்குத் தெரியாது. விழுந்த இடத்தில் மரம் எழுகிறது. மரம் எழுந்த இடத்தில் மழை தங்குகிறது, ஓடை பிறக்கிறது. கீழே சமவெளியில் நாம் குடிக்கிற ஒவ்வொரு கை நீரிலும் இவற்றின் எச்சில் பட்டிருக்கிறது. சபரி தந்த கனிக்கும் இதற்கும் எனக்கு வேற்றுமை தெரியவில்லை.

ஆனால் கோயில் இடிந்திருக்கிறது. சொல்லாமல் இருக்க முடியாது.

19ஆம் நூற்றாண்டின் இறுதியில் தொடங்கி இந்த மேட்டுநிலத்தின் சோலைகள் தேயிலைக்கும் காப்பிக்கும் வெட்டப்பட்டன. பச்சைக் கடல்போல் பரந்த தேயிலையின் நடுவே, தீவு தீவாய், துண்டு துண்டாய்க் காடு. உச்சிமரத்திலேயே பிறந்து உச்சிமரத்திலேயே வாழ்வை முடிக்கும்படி படைக்கப்பட்ட உயிர், மரம் முடிந்த இடத்தில் என்ன செய்யும்? மண்ணில் இறங்குகிறது. தார்ச்சாலையில் நடக்கிறது. அந்தக் கரிய மேனி, தாரின் கருப்பில் எந்த ஓட்டுநர் கண்ணுக்குத் தெரியும்?

நான் ஒரு பாவம் செய்திருக்கிறேன். மூன்று ஆண்டுகளுக்கு முன், இதே சாலையில், வண்டியை நிறுத்தி, ஆஞ்சநேயருக்கே படைக்கிறேன் என்ற பூரிப்போடு ஒரு சீப்பு வாழைப்பழத்தை நீட்டினேன். ஓர் இளங்கடுவன் மரத்திலிருந்து இறங்கி என்னை நோக்கிச் சாலையில் ஓடிவந்தான். வளைவில் ஒரு லாரி திரும்பிற்று. ஒரு கையகல இடைவெளியில் அவன் தப்பினான். அந்தச் சக்கரத்தின் கிறீச்சொலி இன்னும் என் பூஜையறையில் கேட்கிறது. படையல் என்று நான் நினைத்தது தூண்டில். இதை அந்தத் தம்பியிடம் சொன்னபோது அவன் கோபிக்கவில்லை. "கையில கொடுத்துப் பழக்கிட்டா, அவங்க ரோட்டையே பார்த்துட்டு உட்கார்ந்திருப்பாங்கம்மா" என்றான். போன மழைக்காலத்தில் அடிபட்ட ஒரு குட்டியைத் தாய் நான்கு நாள் விடாமல் தூக்கிக்கொண்டு திரிந்ததைச் சொன்னான். அதற்கு மேல் அவனுக்கும் பேச்சு வரவில்லை. பற்றுகின்ற பிடி போன பிறகும் அணைத்த கை போகவில்லை, பாருங்கள்.

பிறகு அவன் தலைக்கு மேலே கைகாட்டினான். சாலையின் இருபுறத்து மரங்களையும் இணைத்து, உயரே ஒரு தொங்குபாலம்! பழைய தீயணைப்புக் குழாய்களைக் கொண்டு பின்னியது. காட்டுயிர் ஆய்வாளர்களும் வனத்துறையினரும் சேர்ந்து இத்தகைய பாலங்களை இங்கே கட்டியிருக்கிறார்கள். சிதைந்த சோலைத்துண்டுகளில் மண்ணின் மரங்களையே மீண்டும் நட்டு வளர்க்கிறார்கள். நான் அண்ணாந்து பார்த்துக்கொண்டிருக்கும்போதே, ஒரு வெள்ளித் திருவாசி அந்தப் பாலத்தின்மேல் நிதானமாய் நடந்து மறுகரை சேர்ந்தது. அதன் பின் இன்னொன்று. இன்னொன்று. அன்று கடலின்மேல் வானரங்கள் ராமனுக்குச் சேது கட்டின. இன்று சாலையின்மேல் மனிதர்கள் வானரங்களுக்குச் சேது கட்டியிருக்கிறார்கள். ராமா! ராமா! அந்தக் கடனில் ஒரு கல்லாவது திரும்பி வந்ததே!

தெற்கே களக்காட்டு மலைகளிலிருந்து வடக்கே கர்நாடகத்தின் அகநாசினிப் பள்ளத்தாக்கு வரை, தமிழகம், கேரளம், கர்நாடகம் ஆகிய மூன்று மாநிலங்களின் மழைக்காடுகளில் மட்டுமே இந்தத் திருமேனி உண்டு. உலகில் வேறு எந்தக் காட்டிலும் இல்லை. களக்காடு 1976இல் சரணாலயம் ஆனது இவற்றைக் காப்பதற்காகவே. சரணாலயம்! சரணம் புகுந்தவர்க்கான ஆலயம் என்று எவ்வளவு அழகாய்ச் சொல் அமைத்தோம்! கேரளத்து அமைதிப் பள்ளத்தாக்கில் அணை எழ இருந்தபோது, கவிஞர் சுகதகுமாரி முதலானோர் மரங்களுக்காகக் குரல் கொடுத்தார்கள். அந்தப் போராட்டத்தின் திருமுகமாய் நின்றது இந்தக் கருமுகமே. அணை எழவில்லை. 1984இல் அது தேசியப் பூங்கா ஆயிற்று.

காடுகளில் இன்று எஞ்சியிருப்பவை எல்லாம் சேர்த்து 4000ஐத் தாண்டாது என்கிறார்கள். ஒரு தாய் ஐந்தாறு வயதில்தான் முதல் பிள்ளை பெறுகிறாள். ஒரு பேற்றில் பொதுவாக ஒரே பிள்ளை. அடுத்த பிள்ளைக்கு இரண்டு மூன்று ஆண்டுகள். அன்று நான் கண்ட அந்தப் பச்சை முகத்தைப் போன்ற ஒன்று போனால், அந்த மார்பு மீண்டும் நிறைய அவ்வளவு காலம் ஆகும்.

ஆழியாற்றிலிருந்து 40 கொண்டை ஊசி வளைவுகள் ஏறி வால்பாறைக்கு வரும் அன்பர்களே, உங்கள் காலைத் தொட்டுக் கேட்கிறேன். தின்ன ஒன்றும் நீட்டாதீர்கள். கும்பிடத் தோன்றினால் தூர நின்று கும்பிடுங்கள்; அது போதும், அவனுக்குச் சேர்ந்துவிடும். புதுத்தோட்டத்தை நெருங்கும்போது வண்டியை மெதுவாக விடுங்கள். மார்பில் பிள்ளையோடு ஒருத்தி சாலையைக் கடந்துகொண்டிருப்பாள்.